வீட்டு முன்வாசலில் நாமே பேவர் பிளாக் பதிப்பது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் வீட்டுக்கு முன்னால் 20 அடிக்கு 15 அடி மண் தரை கிடந்தது. மழை வந்தால் சேறு, வெயில் வந்தால் புழுதி. நானும் மச்சானும் சேர்ந்து நான்கு விடுமுறை நாட்களில் அந்த 300 சதுர அடிக்கும் பேவர் பிளாக், அதாவது தரையில் பதிக்கும் காங்கிரீட் கல், பதித்து முடித்தோம். மூன்று மாதம் கழித்து ஒரு மூலையைப் பெயர்த்து மறுபடி பதித்தோம். ஏன் என்பது கீழே வரும். அதற்குப் பிறகு தெருவிலும் குடும்ப வாட்சப் குழுவிலும், ஒருமுறை கல்யாணப் பந்தியிலும்கூட என்னிடம் கேட்கப்பட்ட கேள்விகளைத் தொகுத்திருக்கிறேன்.

ஆள் வைக்காமல் நாமே செய்யக்கூடிய வேலைதானா இது?

300, 400 சதுர அடி வரை தாராளமாகச் செய்யலாம். கைத்திறன் அதிகம் தேவையில்லை; பொறுமையும் இடுப்பும் வேண்டும். எங்களுடைய நான்கு நாட்களில் கல் பதித்தது கடைசி ஒரு நாள்தான். மற்ற மூன்று நாளும் தோண்டுவது, ஜல்லி நிரப்புவது, இறுக்குவது, மட்டம் பார்ப்பது. பேவர் பிளாக் ஈரத்துணி மாதிரி. கீழே என்ன மேடு பள்ளம் இருக்கிறதோ அதை அப்படியே காட்டிக்கொடுத்துவிடும். அதனால் கல் லாரி வந்து நிற்கும் நாளை வேலையின் தொடக்கம் என்று நினைக்காதீர்கள். அதற்குள் முக்கால் பங்கு வேலை முடிந்திருக்க வேண்டும்.

தண்ணீர் லாரியோ கழிவுநீர் லாரியோ உள்ளே வந்து நிற்கும் இடம் என்றால் நீங்கள் செய்ய வேண்டாம். செங்குத்தான சாய்தளத்துக்கும் இதே பதில்.

பேசாமல் சிமென்ட் தரை போட்டுவிட்டால் என்ன?

போடலாம். ஆனால் சம்புக்குப் போகும் பைப் கசிந்தால் அதை உடைக்க வேண்டும், உடைத்த தழும்பு காலத்துக்கும் இருக்கும். பேவர் பிளாக்கைப் பெயர்த்து, வேலை முடித்து, அதே கல்லைத் திரும்ப வைத்துவிடலாம். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு நெதர்லாந்தில் தெருவுக்குப் போடச் செங்கல் கிடைக்காத தட்டுப்பாட்டில்தான் காங்கிரீட் கல் பரவியது. பெயர்த்துப் பதிக்கும் வசதி அந்தச் செங்கல் தெருக்களிலிருந்தே வருகிறது.

ஒரே ஒரு குறை, எங்கள் அம்மா முதல் நாளே சொன்னது: கோலம் சரியாக விழாது. இழை ஒவ்வொரு இணைப்பிலும் உடையும். கடைசியில் வாசற்படிக்கு நேரே 4 அடிக்கு 4 அடி விட்டு, அங்கே மட்டும் கடப்பைக் கல் போட்டோம். திட்டம் போடும்போதே இதை வீட்டில் கேட்டுக்கொள்ளுங்கள்.

எந்தக் கல்லை வாங்குவது? கடையில் எல்லாமே ‘நம்பர் ஒன்’ என்கிறார்கள்.

முதலில் தடிமன். 2006இல் வந்த ஐஎஸ் 15658 என்ற இந்தியத் தரநிலை, வண்டி போகாத இடத்துக்கு 50 மி.மீ. தடிமனில் எம்30 வலிமை (எம் எண் கூடக் கூடக் காங்கிரீட்டின் வலிமை கூடும்), கார் போன்ற இலகு வண்டிகளுக்கு 60 மி.மீ. தடிமனில் எம்35 என்று வகுத்தது. நடைபாதைக்கு மட்டும் என்றால் 50 போதும். இன்று பைக் நிற்கிற இடத்தில் நாளை கார் நிற்கும் என்பதால் நான் 60க்குக் கீழே போகச் சொல்லமாட்டேன்.

அடுத்து, செய்த விதம். ரப்பர் மோல்டில் ஊற்றி எடுத்த கல் பளபளவென்று இருக்கும், கண்ணைப் பறிக்கும். இயந்திரத்தில் அதிர்வும் அழுத்தமும் கொடுத்துச் செய்த கல் சொரசொரப்பாக, கொஞ்சம் அழகு குறைந்துதான் இருக்கும். நான் வாங்கியது இரண்டாவது வகை. மோல்டு கல் எல்லாமே மோசம் என்று சொல்லவில்லை. ஆனால் பளபளப்பு மழையில் வழுக்கும், அந்த மினுமினுப்பு வலிமைக்கு அடையாளமும் அல்ல.

கடையிலேயே பார்க்கக்கூடிய சோதனைகள் சில உண்டு. இரண்டு கல்லை ஒன்றோடொன்று தட்டினால் கணீர் என்று கேட்க வேண்டும். ‘தொப்’ என்றால் பதமாகவில்லை. விளிம்பை ஆணியால் கீறினால் மாவாக உதிரக் கூடாது. ஒரு கல்லைக் கேட்டு வாங்கி உடைத்துப் பாருங்கள், மேல் நிறப்பூச்சு எவ்வளவு கனம், உள்ளே ஓட்டை இருக்கிறதா என்பது தெரியும். என்றைக்கு வார்த்த கல் என்றும் கேளுங்கள். காங்கிரீட்டின் வலிமையை 28 நாள் கணக்கில்தான் பார்ப்பார்கள்; போன வாரம் செய்து தண்ணீர்கூடச் சரியாகக் காட்டாத கல்லை இந்த வாரம் ஏற்றி அனுப்புகிறவர்கள் இருக்கிறார்கள்.

வீட்டில் செய்யக்கூடியது இன்னொன்று. 200 × 100 × 60 மி.மீ. கல் ஒன்று சுமார் 2.8 கிலோ இருக்கும். நன்றாக வெயிலில் காய்ந்த கல்லை எடை போட்டு, ஒரு நாள் முழுக்கத் தண்ணீரில் போட்டு, துடைத்துவிட்டு மறுபடி எடை போடுங்கள். தரநிலைப்படி சராசரியாக 6 சதவீதத்துக்கு மேல் நீர் உறிஞ்சக் கூடாது. அதாவது ஏறக்குறைய 170 கிராம். ஆய்வுக்கூடச் சோதனைக்கு இது ஈடாகாது. ஆனால் 300 கிராம் கூடுகிற கல்லை விலக்க மளிகைக்கடைத் தராசே போதும்.

ஜிக்ஜாக், ஐ ஷேப், செவ்வகம்: எது நல்லது?

நாமே பதிக்கும்போது செவ்வகம்தான் சுலபம், வெட்டு வேலை குறைவு. கார் திரும்புகிற இடத்தில் மீன்முள் மாதிரி குறுக்கும் நெடுக்குமாக அடுக்குங்கள். டயர் முறுக்கும்போது கல் நகராது. நடைபாதைக்கு எந்த அடுக்கும் சரி.

அடர் கறுப்பு, அடர் சிவப்பு வேண்டாம். கத்திரி வெயிலில் மதியம் ஒரு மணிக்கு வெறுங்காலோடு கொடியில் காயும் துணியை எடுக்கப் போய்ப் பாருங்கள், புரியும்.

300 சதுர அடிக்கு எவ்வளவு பொருள் தேவை?

200க்கு 100 கல் என்றால் ஒரு சதுர மீட்டருக்கு 50. 300 சதுர அடி என்பது 28 சதுர மீட்டருக்குக் கொஞ்சம் குறைவு, 1,400 கல். வெட்டுக்கும் உடைசலுக்கும் 5 சதவீதம் சேர்த்து 1,470 வாங்கலாம். இவ்வளவும் சேர்ந்தால் 4 டன் எடை! அதை லாரிக்காரர் எங்கே இறக்குகிறார் என்பதை முன்கூட்டியே பேசிவிடுங்கள். எங்களுக்குத் தெருவோரம் இறக்கிவிட்டுப் போனார், பாதி நாள் அதைத் தூக்கியே கழிந்தது.

அடியில் 4 அங்குலத்துக்கு இறுகிய ஜல்லிக் கலவைத் தளம் வேண்டுமென்றால் கணக்கு 100 கன அடி. இறுக்கினால் சுருங்கும் என்பதால் 130 கன அடி, அதாவது ஒன்றேகால் யூனிட்டுக்கு மேல். கல்லுக்கு அடியில் விரிக்கும் மணல் அரை யூனிட். தோண்டி எடுக்கும் மண்ணை எல்லோரும் மறந்துவிடுகிறோம். 8 அங்குலம் தோண்டினால் 200 கன அடி வரும், தோண்டியபின் அது இன்னும் உப்பும். யாருக்கு வேண்டும் என்று பக்கத்து மனைக்காரர்களிடம் கேட்டு வையுங்கள்.

8 அங்குலம் என்பது எப்படி?

கல் 60 மி.மீ., மணல் 30 முதல் 40, தளம் 100. கூட்டினால் 200 மி.மீ., அதுதான் 8 அங்குலம். ஆனால் அளவை மேலிருந்து கீழாக எடுக்க வேண்டும். முதலில் முடிந்த தரை எங்கே வரப்போகிறது என்று சுவரில் கோடு போடுங்கள். அந்தக் கோடு வீட்டின் உள்தரையைவிட 6 அங்குலமாவது கீழே இருக்கட்டும். மேலே ஏறினால் மழைத் தண்ணீர் சுவரில் தெறித்து ஓதம் ஏறும்.

அப்புறம் கேட். உள்பக்கம் திறக்கும் கேட்டாக இருந்து, தரை வீட்டை நோக்கி ஏறினால், திறக்கத் திறக்க அடிவிளிம்பு கல்லில் உரசும். 5 அடிக் கதவு என்றால் அந்த 5 அடியில் தரை ஓர் அங்குலம் ஏறியிருக்கும். கேட்டின் அடியில் ஒன்றரை அங்குலமாவது சந்து இருக்கிறதா என்று பாருங்கள். இதைப் பார்க்காமல் பதித்துவிட்டு வெல்டரைக் கூப்பிட்டு கேட்டை அறுத்த வீடு எங்கள் தெருவிலேயே உண்டு.

வாட்டம் எவ்வளவு கொடுப்பது?

5 அடிக்கு ஓர் அங்குலம். வீட்டிலிருந்து விலகிப் போக வேண்டும். எங்கள் 15 அடிக்கு 3 அங்குலம் வந்தது. ரசமட்டம் இவ்வளவு நீளத்துக்கு ஏமாற்றும். ட்யூப் லெவல்தான் நம்பகமானது. கண்ணாடி போன்ற பிளாஸ்டிக் குழாயில் தண்ணீர் நிரப்பி, உள்ளே காற்றுக் குமிழி இல்லாமல் பார்த்துக்கொண்டு, இரு முனையிலும் நீர்மட்டத்தைக் குறியுங்கள். தாழ்வான முனையில் அந்தக் குறிக்கு 3 அங்குலம் கீழே நூல் கட்டினால் வேலை முடிந்தது.

வாட்டம் மேலே கல்லில் மட்டும் அல்ல, அடியில் தோண்டிய தரையிலேயே இருக்க வேண்டும். கீழே சமமாக வைத்துவிட்டு மணலை ஒரு பக்கம் கனமாகப் போட்டு வாட்டம் காட்டினால், கனமான பக்கம் இறங்கிவிடும்.

அடித்தளத்தை எப்படி இறுக்குவது? நடந்து மிதித்தால் போதாதா?

போதாது. இங்கேதான் நாங்கள் பட்டோம்.

சம்ப் கட்டும்போது சுற்றிலும் வெட்டிய குழியைப் பிறகு மண்ணைத் தள்ளி மூடியிருந்தார்கள். மூன்று வருடமாகிவிட்டதே, இறுகியிருக்கும் என்று நினைத்தோம். அந்த ஓரத்தில் மட்டும் தரையை இறுக்கும் மெஷின் வைக்க இடம் நெருக்கடியாக இருந்ததால் காலால் மிதித்து மட்டம் செய்தோம். ஐப்பசி மழை இரண்டு வாரம் அடித்தது. மூலையில் குண்டானைக் கவிழ்த்து எடுத்த மாதிரி ஒரு பள்ளம், அதில் தண்ணீர். சுமார் 60 கல்லைப் பெயர்த்து, இரண்டடி ஆழம் தோண்டி, கிராவல் மண்ணை 4 அங்குலம் 4 அங்குலமாகப் போட்டுத் திமிசுக் கட்டையால் இடித்து ஏற்றினோம். முதல் கல்லைப் பிடுங்கத்தான் இரண்டு ஸ்க்ரூ டிரைவரும் அரை மணி நேரமும் ஆனது. மற்றவை தானாக வந்தன. அரை நாளில் முடிந்தது. சிமென்ட் தரையாக இருந்தால் இந்தக் கதை வேறு மாதிரி முடிந்திருக்கும்.

ஆகவே தோண்டியதும் வெறும் தரையை முதலில் இறுக்குங்கள். பிறகு தளப்பொருளை ஒரு தடவைக்கு 4 அங்குலத்துக்கு மேல் போடாமல், பிளேட் காம்பாக்டரை (அதிரும் இரும்புத் தகடால் தரையை இறுக்கும் மெஷின்) வாடகைக்கு எடுத்து ஓட்டுங்கள். ஈரப்பதம் முக்கியம். ஒரு கைப்பிடி எடுத்துப் பிடித்தால் கொழுக்கட்டை மாதிரி நிற்க வேண்டும், விரல் வழியே தண்ணீர் கசியக் கூடாது. முடிந்தபின் குதிகாலை அழுத்தித் திருகுங்கள். தடம் விழுந்தால் இன்னும் ஒரு சுற்று.

தளத்துக்கு வெறும் 20 மி.மீ. ஜல்லியை மட்டும் கொட்டாதீர்கள். அதன் இடுக்குகளில் மேலே போடும் மணல் மழைக்கு மழை இறங்கும், கல்லும் கூடவே இறங்கும். ஜல்லி, சிப்ஸ் (பொடி ஜல்லி), கிரஷர் டஸ்ட் (ஜல்லி உடைக்கும்போது வரும் தூள்) ஈரத்தோடு கலந்த வெட் மிக்ஸ் கிடைத்தால் அதுவே சரி.

எங்களுடையது கரிசல் மண். இதே கணக்குதானா?

இல்லை. கரிசல் மழையில் உப்பும், கோடையில் வெடிக்கும். கார் நிற்கும் இடமானால் தளம் 4 அங்குலம் போதாது, 8 அங்குலத்துக்குக் குறையாமல் வையுங்கள். மண்ணுக்கும் தளத்துக்கும் நடுவில் ஜியோ டெக்ஸ்டைல் துணி விரித்தால் ஜல்லி சேற்றில் புதையாது. அப்படியும் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை அங்கங்கே பெயர்த்துச் சரிசெய்ய வேண்டிவரும் என்று மனத்தைத் தயார்செய்துகொள்ளுங்கள்.

மேஸ்திரி, ‘சிமென்ட் கலவை போட்டுப் பதித்தால் அசையவே அசையாது’ என்கிறார்.

அவர் டைல்ஸ் பதித்த அனுபவத்தில் சொல்கிறார். இங்கே அது பொருந்தாது. பேவர் பிளாக் ஒன்றையொன்று தாங்குவது பக்கத்து இடுக்கில் இறுகும் மணலால். ஒரு கல்லின் மேல் விழும் பாரம் அந்த மணலின் உராய்வு வழியாக அக்கம்பக்கத்துக் கல்லுக்குப் பிரிந்து போகிறது. அதற்குத் துளி அசைவு வேண்டும். மெல்லிய சிமென்ட் கலவை அந்த அசைவில் வெடிக்கும், வெடித்த இடத்தில் தண்ணீர் தங்கும், அப்புறம் கல் ‘டக் டக்’ என்று ஆடும். பெயர்க்கலாம் என்றால் அடியில் சிமென்ட் ஒட்டியிருக்கும், கல்லைத் திரும்பப் போட முடியாது. மணலோடு சிமென்ட் தூளைத் தூவிப் பதிப்பதும் இதே தவறின் சின்னத் தம்பி. ஓரத்தில் வெட்டி வைக்கும் துண்டுகளுக்கு மட்டும் கலவை வைக்கலாம்.

கல்லுக்கு அடியில் கிரஷர் டஸ்ட் விரிக்கலாமா?

எங்கள் ஊரில் முக்கால்வாசிப் பேர் அதைத்தான் விரிக்கிறார்கள். மலிவு. ஆனால் அதிலுள்ள மாவு போன்ற தூள் தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும். கார் ஏறி இறங்க ஏறி இறங்கக் குழம்பாகி இடுக்கு வழியாக வெளியே வரும். காங்கிரீட்டுக்குப் பயன்படுத்தும் எம் சாண்ட் வாங்குங்கள், பூச்சு வேலைக்கான பி சாண்ட் வேண்டாம்.

விரிக்கும் முறை: ஓர் அங்குல ஜி.ஐ. பைப் இரண்டை 5, 6 அடி இடைவெளியில் தளத்தின் மேல் வையுங்கள். அதன் வெளிவிட்டம் 33 மி.மீ.க்குச் சற்று அதிகம், நமக்கு வேண்டிய கனம் தானாகக் கிடைத்துவிடும். மணலைக் கொட்டி, அலுமினிய மட்டப்பலகையைப் பைப்புகளின் மேல் வைத்து இழுங்கள். பைப்பை உருவிவிட்டு அந்தத் தடத்தை நிரப்புங்கள். பிறகு அதன்மேல் ஒருவரும் கால் வைக்கக் கூடாது. குழந்தைகள், நாய், ஆர்வத்தோடு பார்க்க வரும் பக்கத்து வீட்டு அண்ணன் உட்பட. அன்றைக்குப் பதிக்கும் அளவுக்கு மட்டும் விரித்தால் போதும்.

ஓரத்துக்கு என்ன செய்வது?

காம்பவுண்டு சுவர் இருக்கும் பக்கம் சுவரே பிடித்துக்கொள்ளும். கேட் பக்கமும் தோட்டப் பக்கமும் கெர்ப் கல்லோ (ஓரத்தில் நிறுத்தும் கல்), 1:2:4 கலவையில் (சிமென்ட், மணல், ஜல்லி) 4 அங்குல அகலக் காங்கிரீட்டோ வேண்டும். ஓரம் இல்லாவிட்டால் கல் வரிசை வரிசையாக வெளியே நகரும். இடுக்கு அகலும், மணல் போகும், கல் ஆடும். முன்பே போட்டுவிட்டு அதற்குள் கல்லைப் பதிப்பது நல்லது.

பதிக்கும்போது கவனிக்க வேண்டியது?

காம்பவுண்டு சுவரை நம்பி அதை ஒட்டித் தொடங்காதீர்கள்; நேராகக் கட்டிய சுவரை நான் இன்னும் பார்க்கவில்லை. 3 அடி, 4 அடி, 5 அடி முக்கோணம் வைத்து மூலைமட்டம் பார்த்து நூல் கட்டி, அந்த நூலோடு போங்கள். பதித்த கல்லின் மேல் முட்டிபோட்டு முன்னோக்கி நகர வேண்டும். கல்லை மணலில் இழுக்காமல், பக்கத்துக் கல்லை உரசியபடி நேராக இறக்குங்கள். இடுக்கு 2 முதல் 4 மி.மீ. இருக்கட்டும். இறுக்கும்போது இறங்கும் என்பதால் அரை செ.மீ. உயரமாகவே வைத்துப் போங்கள்.

ஒரே அடுக்கிலிருந்து கல் எடுக்காமல் மூன்று அடுக்கிலிருந்து மாற்றி மாற்றி எடுத்தால் நிறபேதம் திட்டுத்திட்டாகத் தெரியாது.

ஓரத் துண்டுகளைக் கடைசியில் கட்டிங் மெஷினில் வெட்டலாம். தண்ணீர் ஊற்றி வெட்டும் வகை மெஷின் கிடைத்தால் அதை எடுங்கள். கண்ணாடியும் மாஸ்க்கும் கட்டாயம். காங்கிரீட் தூசியில் இருக்கும் சிலிகா நுரையீரலுக்குள் போனால் வெளியே வராது. முகத்தில் கட்டும் துண்டு மாஸ்க் ஆகாது.

கடைசியாக மணல் தூவுவது எதற்கு?

அதுதான் கல்லைப் பூட்டுகிறது. முதலில் கல்லின் மேல் பழைய சாக்கு விரித்து அல்லது காம்பாக்டர் அடியில் ரப்பர் தகடு வைத்து இரண்டு சுற்று ஓட்டுங்கள். பிறகு சலித்துக் காயவைத்த பி சாண்ட். அடியில் வேண்டாம் என்றேனே, அது இங்கே பயன்படும். குறுக்காகப் பெருக்கி இடுக்குகளில் இறக்கி, மறுபடி ஓட்டி, மறுபடி பெருக்குங்கள். ஈர மணல் மேலேயே பாலம் கட்டிக்கொண்டு நிற்கும், உள்ளே இறங்காது. ஒரு மாதத்திலும் முதல் பெருமழைக்குப் பிறகும் இன்னொரு தடவை நிரப்ப வேண்டியிருக்கும். ஒரு மூட்டை எடுத்து வையுங்கள்.

கார் எப்போது ஏற்றலாம்?

இடுக்கு நிரம்பியதும் ஏற்றலாம். ஓரத்துக் காங்கிரீட் ஏழு நாள் தண்ணீர் குடிக்கும்வரை அந்த ஓரத்தில் மட்டும் ஏற்றாதீர்கள்.

கல்லில் வெள்ளையாகப் பூத்திருக்கிறது, கடைக்காரர் ஏமாற்றிவிட்டாரா?

இல்லை. சிமென்டிலுள்ள சுண்ணாம்பு ஈரத்தோடு மேலே வந்து, காற்றிலுள்ள கரியமில வாயுவோடு சேர்ந்து படிகிறது. சில மாத மழையிலும் கூட்டிப் பெருக்குவதிலும் தேய்ந்து போய்விடும். அவசரப்பட்டு ஆசிட் ஊற்றுகிறார்கள். அது வெள்ளையோடு சிமென்டையும் நிறத்தையும் சேர்த்துத் தின்னும்.

புல், எறும்பு, பாசி?

புல் பெரும்பாலும் மேலே விழும் விதையிலிருந்து வருகிறது. வாரம் ஒருமுறை பெருக்கினால் தங்காது. கோரை மட்டும் விதிவிலக்கு. தோண்டும்போதே கிழங்கைப் பொறுக்கி எடுக்காவிட்டால் இடுக்கில் ஊசி மாதிரி எட்டிப்பார்க்கும். எறும்பு மணலை வெளியே தள்ளினால் திரும்ப நிரப்புவதுதான் வழி. நிழலில் பாசி பிடித்தால் கம்பித் தூரிகை வேண்டாம், கடினமான நார்த் துடைப்பத்தால் தேயுங்கள். வண்டி கழுவும் பிரஷர் பம்பை இடுக்குக்கு நேரே பிடித்தால் மணல் எல்லாம் பறந்துவிடும்.

மழைநீர் கீழே இறங்குமா?

கொஞ்சம் இறங்கும், நாளாக ஆக இடுக்கு அடைத்துக்கொண்டு அதுவும் குறையும். அதை நம்பி மழைநீர் சேகரிப்புக் குழியை மூடிவிடாதீர்கள். தமிழ்நாட்டில் 2003லிருந்து எல்லாக் கட்டடங்களுக்கும் அது கட்டாயம். வாட்டத்தை அந்தக் குழியை நோக்கியே திருப்பினால் தெருவுக்குப் போகும் தண்ணீர் மிச்சம். நாங்கள் காம்பவுண்டு ஓரம் ஓரடி அகலம் கல் பதிக்காமல் கூழாங்கல் நிரப்பி விட்டிருக்கிறோம். மின்சார எர்த் குழியையும் மூடக் கூடாது, அதற்குத் தண்ணீர் ஊற்ற வேண்டும்.

வேப்பமரம் ஒன்று நடுவில் நிற்கிறது.

சுற்றிலும் 4 அடிச் சதுரமாவது விட்டுவிடுங்கள். வேர் கல்லைத் தூக்கத்தான் செய்யும். தூக்கிய இடத்தில் கல்லைப் பெயர்த்து மணலைக் குறைத்து வையுங்கள். வேரை வெட்டினால் அடுத்த புயலில் மரம் உங்கள் வீட்டுப் பக்கம் சாயலாம்.

மிஞ்சிய கல்லைத் திருப்பிக் கொடுத்துவிடலாமா?

ஒரு முப்பது கல்லாவது வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த வருடம் அதே கடையில் அதே நிறம் கேட்டால் பக்கத்து நிறம்தான் வரும். எங்களிடம் மிஞ்சிய நாற்பதில் எட்டு மாடிப்படிக்கு அடியில் இருக்கிறது. மற்றதெல்லாம் துணி துவைக்கிற இடத்துக்கும் பூந்தொட்டிகளுக்கு அடியிலும் போய்விட்டது. தேவைப்பட்டால் அம்மாவிடம் கேட்டுத்தான் எடுக்க வேண்டும்.